தேர்த் திருவிழாவில் தொலைந்தவள்

நீங்கள் இரண்டு பேருமே தொலையவில்லை. தொலைந்தது நான்.

இதை மௌரீன் பல வருடங்களாக மனதுக்குள் சொல்லிக்கொண்டிருக்கிறாள். கிறிஸ்துமஸ் சாப்பாட்டு மேசையில் சொல்லியிருக்கிறாள். மூத்தவளின் கல்யாணத்துக்கு முந்தின நாள், பந்தல்காரனோடு பேசிக்கொண்டே சொல்லியிருக்கிறாள். வாய் திறந்து ஒரு தடவையும் இல்லை. இப்போது பெங்களூர் நீலசந்திராவில் இருக்கும் தன் வீட்டுக் கூடத்தில் ஜன்னல்களையெல்லாம் கம்பளியால் மூடிவிட்டு, மூத்த மகள் டோரீன் மைக்கின் முன்னால் கண்ணை மூடி உட்கார்ந்து, "அன்னிக்கு மாதா கோயில் திருவிழாவுல நான் தொலைஞ்சு போனேன்" என்று ஆரம்பித்தபோதும், சமையலறை வாசலில் நின்றபடி அதையே சொல்லிக்கொண்டாள். சொல்லிவிட்டு, வழக்கம்போல, கொஞ்சம் சந்தோஷப்பட்டாள்.

"கட்," என்றாள் வீணா. "ஆன்ட்டி, குக்கர் விசில் வந்துடுமா?"

"அணைச்சுட்டேன்மா."

வீணா மாடி அறையில் வாடகைக்கு இருக்கும் பெண். அப்பாவுக்கு அத்திபெலேயில் ஹார்டுவேர் கடை. தினமும் அங்கிருந்து வந்துபோக முடியாது என்று இங்கே தங்கியிருக்கிறாள். விளம்பரப் படங்களுக்கு எடிட்டிங் செய்கிறாள். அது பிழைப்பு. இது அவளுடைய சொந்தப் படம். குறும்படம். ஞாபகத்தைப் பற்றியது, கதை கிடையாது, நடிகர்கள் கிடையாது என்று முதலில் சொன்னபோது மௌரீன், "அப்போ பார்க்க என்ன இருக்கும்?" என்று கேட்டாள்.

"தெரியல ஆன்ட்டி. எடுத்தப்புறம்தான் எனக்கே தெரியும்."

அந்தப் பதில் மௌரீனுக்குப் பிடித்துப்போயிற்று. கூடத்தைக் கொடுத்துவிட்டாள்.

படத்துக்கு விதை விழுந்தது போன கிறிஸ்துமஸ் மத்தியானம். வீணாவைச் சாப்பிடக் கூப்பிட்டிருந்தார்கள். கேக் வெட்டி முடிவதற்குள் டோரீனும் லவினாவும் ஆரம்பித்துவிட்டார்கள். டோரீன் கான்வென்ட் டீச்சர். லவினா ஒரு பல் டாக்டர் கிளினிக்கில் ரிசப்ஷனில் இருக்கிறாள். இரண்டு பேருக்கும் நாற்பது தாண்டியாயிற்று. மற்ற விஷயங்களில் ஒருத்திக்கு ஒருத்தி விட்டுக்கொடுப்பார்கள். சின்ன வயதில் சிவாஜிநகர் மாதா கோயில் திருவிழாவில், தேர் கிளம்பும் நேரத்தில் கூட்டத்தில் தொலைந்து, மேடையில் தூக்கி நிறுத்தப்பட்டு, மைக்கில் பெயர் சொல்லப்பட்ட குழந்தை யார் என்பதில் மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டார்கள். அது நான்தான் என்பாள் டோரீன். அது நான்தான் என்பாள் லவினா.

"நாலு வயசுல உனக்கு என்னடி ஞாபகம் இருக்கும்?"

"உன்னைவிட நல்லா இருக்கும். உனக்கு நேத்து வெச்ச வண்டி சாவியே ஞாபகம் இல்ல."

"மைக்ல என் பேரைச் சொன்னாங்க. டோரீன்னு. என் காதால கேட்டேன்."

"என் பேரைத்தான் சொன்னாங்க. உன் பேரைச் சொன்னா நீயா வந்திருப்பியே, வீட்லயே நீதானே முந்திரிக்கொட்டை."

வீணா கரண்டியைப் பாதியில் வைத்துவிட்டு இரண்டு பேரையும் மாறிமாறிப் பார்த்தாள். "ரெண்டு பேருக்கும் ஒரே ஞாபகமா?" என்றாள். பிறகு மௌரீனிடம் திரும்பி, "நெஜமா யாரு ஆன்ட்டி?" என்று கேட்டாள்.

"எனக்கு எங்கம்மா ஞாபகம்? ரெண்டுக்கும் ஒரே மாதிரி கவுன்," என்று மௌரீன் எழுந்துபோய் இன்னும் கொஞ்சம் வறுவல் கொண்டுவந்தாள்.

*

கவுன் விஷயம் உண்மை. அந்த வருடம் லவினாவுக்கு டைபாய்டு வந்து தேறியிருந்தது. பிள்ளை பிழைத்தால் காவி உடுத்தி நவநாள் முழுக்க வருகிறோம் என்று மௌரீன் மாதாவுக்கு நேர்ந்துகொண்டாள். தனக்கு ஒரு காவிப் புடவை, அதே நிறத்துத் துணியில் இரண்டு பிள்ளைகளுக்கும் ஒரே அச்சாகக் கவுன். அந்தத் திருவிழாவுக்குப் போனவர்களுக்குத் தெரியும், செப்டம்பர் எட்டாம் தேதி அங்கே காவி உடுத்தாதவர்களைத்தான் தேடிப் பிடிக்கவேண்டும். வேண்டுதல் இருக்கிறவர்களெல்லாம் அந்த நிறத்தில்தான் வருவார்கள்.

அவள் கணவன் டொமினிக் வாலண்டியர் பேட்ஜ் குத்திக்கொண்டு தேரின் கயிற்றருகே நின்றிருந்தான். மௌரீன் அவனுடைய தங்கை குளோரியாவோடும் பிள்ளைகளோடும் பின்னால் இருந்தாள். மணி அடித்ததும் கூட்டம் ஒரு முறை மூச்சு இழுத்ததுபோல் அசைந்தது. மௌரீனின் செருப்பு கழன்றது. "ஒரு நிமிஷம் பிடி," என்று பிள்ளைகளைக் குளோரியாவிடம் கொடுத்துவிட்டுக் குனிந்தாள். நிமிர்ந்தபோது குளோரியா இல்லை. எங்கே பார்த்தாலும் காவி முதுகுகள்.

கொஞ்ச நேரம் அந்த முதுகுகளை ஒவ்வொன்றாகத் தொட்டுத் திருப்பிப் பார்த்தாள். அப்புறம் ஒலிபெருக்கி பேசியது.

"டோரீன், லவினா என்ற இரண்டு பெண் குழந்தைகளின் தாயார், காவி நிறப் புடவை கட்டிய மௌரீன், எங்கிருந்தாலும் மேடைக்கு வரவும். குழந்தைகள் பத்திரமாக இருக்கிறார்கள்."

காவி நிறப் புடவை என்று யோசிக்காமல் சொல்லிவிட்டார்கள். தத்தம் பிள்ளையைத் தேடிக்கொண்டிருந்த காவிப் புடவைக்காரிகள் எல்லாரும் மேடையை நோக்கிப் போனார்கள். "வந்தவங்களை வெச்சு ஒரு கொயரே ஆரம்பிச்சிருக்கலாம் அண்ணி," என்று குளோரியா பிறகு சொன்னாள். அண்ணியைக் காணாமல் பிள்ளைகளோடு மேடைக்குப் போய் அறிவிக்கச் சொன்னவளே அவள்தான். அத்தனை பெண்களும் அடையாளம் பார்ப்பதற்காக அவள் பிள்ளைகளை மேடையிலிருந்த ஒரு மேசைமேல் தூக்கி நிறுத்தினாள். மேசை ஒரு கால் ஆடும். ஒரு சமயத்தில் ஒருத்தியைத்தான் நிறுத்த முடிந்தது. அதனால் டோரீனை ஏற்றி இறக்கி, லவினாவை ஏற்றி இறக்கினாள். டோரீனின் ஞாபகத்தில் மேசைமேல் டோரீன் தனியாக நிற்கிறாள். லவினாவின் ஞாபகத்தில் லவினா தனியாக நிற்கிறாள். அவளவள் காதில் அவளவள் பெயர் விழுந்திருக்கிறது. மிச்சப் பெயர்கள் கூட்டத்தோடு போய்விட்டன.

மூன்றாவது பெயர் மௌரீன் காதில் விழுந்தது.

பத்திரமாக இருக்கிறார்கள் என்ற வார்த்தைதான் எல்லாவற்றையும் செய்தது. அவள் மேடைப் பக்கம்தான் திரும்பினாள். கூட்டம் அவளை ஒரு சந்துக்குள் தள்ளியது. அங்கே ஒரு வளையல் கடை. கல்லாவில் இருந்த பாய்வீட்டு அம்மா அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, "பைட்டோ மா, பைட்டோ," என்று ஒரு முக்காலியை நகர்த்திப் போட்டாள். மௌரீன் உட்கார்ந்தாள். ஒரு நிமிடம்தான் என்று நினைத்துத்தான் உட்கார்ந்தாள்.

அப்போது அவளுக்கு இருபத்தேழு வயது. ஒரு தொழிற்சாலையின் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை. அங்கே அவள் ஆபரேட்டர். வீட்டில் அண்ணி, மம்மி. டொமினிக்குக்கு அவள் 'ஏம்மா'. நாள் முழுக்க மற்றவர்களின் பெயர்களை ஒரு முனையிலிருந்து இன்னொரு முனைக்குச் சேர்த்துவிடுகிறவள், தன் பெயரைக் கடைசியாக எப்போது கேட்டோம் என்று யோசித்தாள். ஒலிபெருக்கி மறுபடி கூப்பிட்டது. மௌரீன். சிவாஜிநகர் முழுக்க, மார்க்கெட்டின் கூரைமேல், கட்டிவைத்த ஆடுகளின் மேல், போலீஸ்காரர்களின் தொப்பிமேல், அவள் பெயர். அவள் சந்தில் போன கடலைக்காரனிடம் கைநீட்டி ஒரு பொட்டலம் வறுத்த வேர்க்கடலை வாங்கினாள். சூடு. யாருக்கும் பங்கு கொடுக்காமல், தோலைக்கூட ஊதாமல், ஒவ்வொன்றாகத் தின்றாள். மறுபடி கூப்பிட்டார்கள். போகிறேன், இதோ, இந்தக் கடலை முடியட்டும்.

கடலை முடிந்தபோது தேர் அந்தச் சந்துக்குள் வந்தது. விளக்குகளின் வெளிச்சம் பட்டுக் கடையில் தொங்கிய அத்தனை வளையலும் ஒரே சமயத்தில் எரிந்தன. மாதாவின் முகம் அவள் முகத்துக்கு நேரே, கை நீட்டினால் தொடுகிற தூரத்தில் கடந்துபோனது. அவள் கும்பிடக்கூட மறந்து பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு எழுந்து மேடைக்குப் போனாள். குளோரியா திட்டத் தொடங்கியவள் பாதியில் நிறுத்திவிட்டு, "எங்க போனீங்க அண்ணி? முகமே வேற மாதிரி இருக்கு," என்றாள்.

"கூட்டம்," என்றாள் மௌரீன்.

தேரடியில் பேண்டு சத்தத்துக்கு நடுவே நின்ற டொமினிக்குக்கு அறிவிப்பு எதுவும் கேட்டிருக்கவில்லை. அவனுக்குச் சொல்லவேண்டாம் என்று இருவரும் பேசாமலே முடிவு செய்தார்கள். சொல்லியிருந்தால் அவன் அடுத்த பத்துத் திருவிழாவுக்கும் அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டே நடந்திருப்பான். பிறகு பிள்ளைகள் பள்ளிக்கூடம் போய், கதை சொல்லக் கற்றுக்கொண்டார்கள். முதலில் டோரீன், தான் தொலைந்ததைச் சொன்னாள். அதைக் கேட்டு லவினா, இல்லை அது நான் என்றாள். அவர்கள் முகம் அப்போது இருந்த இருப்பைப் பார்த்து மௌரீன் வாயை மூடிக்கொண்டாள். இப்போது டொமினிக் போய் ஆறேழு வருடம் ஆகிறது. குளோரியா மெல்பர்னில் மகனோடு இருக்கிறாள். வாய் மட்டும் மூடியபடியே இருக்கிறது.

*

டோரீன் தன் கதையை முடிப்பதற்குள் தெருவில் "ஸொப்பு, ஸொப்பு" என்று கீரைக்காரர் இரண்டு தடவை வந்துபோனார். ஒரு தடவை வீணாவே ஓடிப்போய் அவர் வண்டியை அடுத்த தெருவுக்குத் தள்ளிவிட்டு வந்தாள். பரிகாரமாக ஒரு கட்டு வெந்தயக்கீரையும் வாங்கியிருந்தாள். அதற்கடுத்த சனிக்கிழமை லவினா வந்தாள். டோரீன் கதையில் மைக்கில் பெயர் சொன்ன மீசைக்காரர் அவள் கதையில் கிடையாது. ஒரு அக்கா ஆரஞ்சு சோடா கொடுத்தாள். மேசைமேலிருந்து பார்த்தால் கீழே தலைகள், தலைகள், தலைகள்.

வீணா இருவரையும் படம்பிடிக்கவில்லை. குரலை மட்டும் எடுத்தாள். அதற்கடுத்த ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து இருவரும் ஒன்றாக வந்தபோது புதிதாக ஒன்று கேட்டாள்.

"டோரீன் அக்கா, லவினா அக்கா சொன்னது இயர்போன்ல வரும். அதைக் கேட்டுக்கிட்டே நீங்க சொல்லணும். நான், நான்னு. உங்களுக்கே நடந்த மாதிரி."

"அவ விடற ரீலை நான் சொல்லணுமா?"

"ஆக்டிங் வேணாம்கா. சும்னே, சும்மா அப்படியே சொல்லுங்க."

"வகுப்புல பசங்க காப்பி அடிச்சா நான் பேப்பரைப் புடுங்கறவ. என்னையே காப்பி அடிக்க வைக்கறே."

ஆனாலும் உட்கார்ந்தாள். இயர்போனை மாட்டிக்கொண்டு, தங்கையின் வார்த்தைகளை ஒரு மூச்சு தாமதமாகச் சொல்லிக்கொண்டு வந்தாள். ஒரு அக்கா வந்தாங்க. எனக்கு சோடா கொடுத்தாங்க. ஆரஞ்சு சோடா. "பாட்டில் வழவழன்னு இருந்துச்சு. ஸ்ட்ரா ஈரத்துல ஒட்டிக்கிச்சு. ஊதினா உள்ள குமிழி வந்துச்சு."

வீணா கையைத் தூக்கினாள். "அது அவங்க சொல்லலையே."

"சொன்னாளே."

"நான் எங்க சொன்னேன்?" என்றாள் லவினா, சமையலறை வாசலில் அம்மாவின் தோளுக்குப் பின்னாலிருந்து. "எனக்கு ஸ்ட்ராவே ஞாபகம் இல்ல."

டோரீன் கண்ணைத் திறந்தாள். அந்த முகத்தை மௌரீன் பார்த்தாள். பூட்டியிருந்த அறையில் தன் பழைய செருப்பைக் கண்டெடுத்தவளின் முகம். சோடாவை இரண்டு பேரும்தான் குடித்தார்கள், ஒரே பாட்டிலில், ஸ்ட்ரா ஒன்றுதான் இருந்தது என்று குளோரியா சொல்லி மௌரீனுக்குத் தெரியும். உதட்டைக் கடித்துக்கொள்ளவேண்டியிருந்தது, சிரிப்பு வந்துவிடும்போல் இருந்தது.

பிறகு லவினா, டோரீனின் கதையைச் சொன்னாள். மைக்கின் கம்பி குளிர்ந்திருந்தது என்று டோரீன் சொல்லியிருந்தாள். லவினா அதைச் சொல்லும்போது தன் கன்னத்தைத் தொட்டுக்கொண்டாள். "இங்க பட்டுச்சு," என்றாள். யாரும் அவளைத் தொடச் சொல்லவில்லை.

மத்தியானம் பிரியாணி சாப்பிடும்போதுதான் விபரீதம் நடந்தது. டோரீன் தயிர்ப் பச்சடியைத் தங்கை பக்கம் தள்ளிவிட்டு, "யோசிச்சுப் பார்த்தா உன்னைத்தான்டி தூக்கியிருப்பாங்க. டைபாய்டு வந்து நீதானே ஒல்லியா இருந்தே," என்றாள்.

"இல்லக்கா. நாலு வயசுல எனக்கு அவ்ளோ தெரிஞ்சிருக்காது. நீதான்."

அக்கா என்று லவினா கூப்பிட்டு எத்தனையோ வருடங்களாயிற்று.

"பரவாயில்லடி, நீயே வெச்சுக்கோ."

"வேணாம்கா, நீ வெச்சுக்கோ."

மௌரீனுக்குச் சோறு இறங்கவில்லை. இவ்வளவு மரியாதையாக இவர்கள் பேசி அவள் பார்த்ததில்லை. இந்தச் சண்டை போய்விட்டால் அடுத்த கிறிஸ்துமஸ் மத்தியானத்தில் கேக் வெட்டிய பிறகு இவர்கள் என்ன செய்வார்கள்? ஆளுக்கொரு போனைப் பார்த்துக்கொண்டு உட்காருவார்கள். அவள் தண்ணீர் குடித்தாள். பிறகு, யாரையும் பார்க்காமல், "சோடா கறை டோரீன் கவுன்லதான் இருந்துச்சு. துவைச்சது நான்தானே," என்றாள்.

டோரீன் பச்சடிக் கிண்ணத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"பார்த்தியா," என்றாள் டோரீன்.

"மம்மி, சும்மா இருங்க. ரெண்டும் ஒரே மாதிரி கவுன்னு நீங்கதானே சொன்னீங்க. எது யாரோடதுன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"அளவு தெரியாதா? நான் உன்னைவிடப் பெரியவ."

"அப்பவே குண்டுன்னு ஒத்துக்கறே."

வீணா சாப்பாட்டுத் தட்டோடு எழுந்து ரெக்கார்டரைத் தேடி ஓடினாள். மௌரீன் இன்னொரு கரண்டி பிரியாணி போட்டுக்கொண்டாள்.

*

செப்டம்பரில் எடுத்ததை வீணா ஒரு சாயங்காலம் லேப்டாப்பில் காட்டினாள். திருவிழாக் கூட்டத்தில் கேமராவைத் தன் இடுப்புக்கும் கீழே, ஒரு குழந்தையின் கண் உயரத்தில் கட்டிக்கொண்டு நடந்திருக்கிறாள். முகமே இல்லை. புடவைக் கொசுவங்கள், தொங்கும் கைகள், கைகளில் மெழுகுவர்த்திக் கட்டுகள், யாரோ ஒருத்தியின் மணிக்கட்டில் முடிந்த கர்ச்சீப். எல்லாம் காவி. வெளிச்சம் மேலேயிருந்து துணி வழியாக வடிந்து வந்ததால் காற்றே காவியாக இருந்தது. சத்தம் தலைக்கு மேலே எங்கேயோ நடந்துகொண்டிருந்தது.

அத்தனை தடவை அந்தக் கதையைக் கேட்டும், பிள்ளைகள் நின்ற உயரத்திலிருந்து அந்தச் சாயங்காலத்தை மௌரீன் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை. இதைப் பார்த்த பிறகு அந்த மேசைமேல் ஏறி நிற்பது என்றால் என்ன என்று புரிந்தது. முதல் தடவையாக முகங்கள். வானம். அது தனக்கு மட்டும் நடந்தது என்று ஒரு குழந்தை ஏன் நினைக்காது?

"இது எந்த இடம்மா?" என்றாள், படம் ஒரு சந்துக்குள் திரும்பியபோது.

"மார்க்கெட் பின்னாடி ஆன்ட்டி. வளையல் கடைங்க இருக்கும். கூட்டம் கம்மியா இருக்குன்னு உள்ள போனேன்."

மௌரீன் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு முன்னால் குனிந்தாள். கடைகள் மாறியிருந்தன. பிளாஸ்டிக் கூரை, எல்.இ.டி. விளக்கு. ஆனால் சந்தின் வளைவு அதுதான். ஓரத்துச் சாக்கடைக் கல் அதுதான்.

"தேர் இது வழியாத்தானே வரும்?"

வீணா சிரித்தாள். "இதுல எப்படி ஆன்ட்டி வரும்? ஆட்டோவே மாட்டிக்கும். என் ட்ரைபாடையே மடக்கித்தான் கொண்டுபோனேன். தேர் மெயின் ரோட்லதான் போச்சு."

"அப்பல்லாம் சந்து அகலமா இருந்திருக்குமோ?"

"சுவர் ரெண்டும் பழைய கல்லு சுவர் ஆன்ட்டி. அதுக்கு எப்படி நகரத் தெரியும்?"

மௌரீன் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். தேர் வரவில்லை. வந்திருக்க முடியாது. முக்காலியில் உட்கார்ந்திருந்தவளின் முன்னால் அத்தனை வளையலும் எரிந்ததையும், மாதாவின் முகம் தன் முகத்துக்கு நேராக வந்ததையும் அவள் இத்தனை வருடம் பார்த்துக்கொண்டிருக்கிறாள். ஜுரத்தில் கிடந்தபோது பார்த்திருக்கிறாள். டொமினிக்கை அடக்கம் செய்துவிட்டு வந்து பார்த்திருக்கிறாள். சந்தின் முனையில் தேர் கடந்தபோது ஒரு துண்டு வெளிச்சம் உள்ளே வந்திருக்கலாம். மிச்சத்தை யார் கட்டினார்கள்? நானா?

தன் இரண்டு மகள்களைப்போலத்தான் தானும் என்று தெரிந்தபோது வருத்தம் வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை. அடிவயிற்றிலிருந்து சிரிப்புத்தான் வந்தது. மேசையைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

"என்ன ஆன்ட்டி?"

"ஒண்ணுமில்லம்மா. அந்தச் சந்துல ஆட்டோ மாட்டிக்கறதை நினைச்சேன்."

அதே சாயங்காலம் வீணா, படத்துக்கு ஓர் அறிவிப்புக் குரல் வேண்டும் என்றாள். ஆபரேட்டராக இருந்தவர்தானே, நீங்களே பேசுங்கள் என்றாள். தான் எழுதிவைத்திருந்ததை நீட்டினாள். மௌரீன் நிமிர்ந்து உட்கார்ந்து, தொண்டையைச் செருமினாள். ஓய்வு பெற்ற பிறகு பயன்படுத்தாத குரல், இஸ்திரி போட்டு அலமாரியில் வைத்த புடவையைப்போல மடிப்புக் கலையாமல் வந்தது.

"காவி நிறக் கவுன் அணிந்த பெண் குழந்தை ஒன்று மேடையில் இருக்கிறது. பெற்றோர் எங்கிருந்தாலும் வரவும். குழந்தை பத்திரமாக இருக்கிறது."

வீணா தன் முழங்கையைத் தேய்த்துக்கொண்டாள். "புல்லரிக்குது ஆன்ட்டி. இன்னொரு தடவை."

இன்னொரு தடவை சொன்னாள். கேட்காமலே மூன்றாவது தடவையும் சொன்னாள். ஒவ்வொரு தடவையும், வரவும் என்ற வார்த்தைக்கு முன்னால் தன் பெயர் நாக்கு நுனிக்கு வந்து நின்றது. அதைக் கடலைபோல மென்று விழுங்கினாள். அதுவும் ருசியாகத்தான் இருந்தது.

*

படத்தை ஒரு விழாவுக்கு அனுப்பவேண்டிய தேதி நெருங்கியது. எல்லாம் இருக்கிறது, முடிவுதான் இல்லை என்று வீணா மாடிக்கும் கீழுக்குமாக நடந்துகொண்டிருந்தாள். ஒரு நாள் காலை, மௌரீன் கூடத்தில் புதினா ஆய்ந்துகொண்டிருந்தபோது இறங்கிவந்து எதிரே உட்கார்ந்தாள். கையில் சட்டையில் குத்துகிற சின்ன மைக்.

"ஆன்ட்டி, நேத்து மெல்பர்ன்ல குளோரியா ஆன்ட்டிகிட்ட பேசினேன். லவினா அக்கா நம்பர் கொடுத்தாங்க. மேடை எந்தப் பக்கம் இருந்துச்சுன்னு கேக்கத்தான் கூப்பிட்டேன்."

மௌரீனின் விரல்கள் ஒரு காம்பில் நின்றன.

"அவங்க சிரிக்க ஆரம்பிச்சு நிறுத்தவே இல்ல. பசங்க எங்க தொலைஞ்சாங்க, எங்க அண்ணிதான் தொலைஞ்சாங்கன்னு சொன்னாங்க."

வெளியே யாருடைய ஸ்கூட்டரோ கிளம்ப மறுத்து இருமியது. அந்த வாக்கியத்தை இன்னொரு வாய் சொல்லி மௌரீன் கேட்பது இதுதான் முதல் தடவை. மோசமாக இல்லை. கூட்டத்துக்கு மேலே தன் பெயரைக் கேட்டதுபோலத்தான் இருந்தது.

"பசங்ககிட்ட சொன்னியா?"

"உங்களைக் கேக்காம எப்படி ஆன்ட்டி? குளோரியா ஆன்ட்டியும் வாயைத் திறக்க மாட்டேன்னுட்டாங்க. நீங்க வேணாம்னா எங்கிட்டயே இருக்கும்."

"நல்ல பொண்ணு."

"ஆனா ஆன்ட்டி." வீணா முன்னால் நகர்ந்தாள். "மேடையில கூப்பிட்டு கூப்பிட்டுப் பார்த்தாங்களாம், ஒரு மணி நேரம் நீங்க வரலையாம். எங்க இருந்தாங்கன்னு இன்னிக்கு வரைக்கும் எனக்குத் தெரியாதுன்னு அவங்க சொன்னாங்க. நீங்க அதை மட்டும் சொல்லுங்க. முகத்தைக் காட்ட மாட்டேன். கையை மட்டும் எடுக்கறேன், இதோ இந்தப் புதினாவோட. எல்லாரும் குழந்தை யாருன்னு தேடிட்டே இருப்பாங்க, கடைசியில அம்மா பேசுவாங்க. படம் அங்கதான் ஆன்ட்டி முடியணும்."

சொல்லிக்கொண்டே மைக்கை மௌரீனின் புடவைத் தலைப்பில் குத்தினாள். மௌரீன் தடுக்கவில்லை. அவளுக்கே அந்த முடிவு தெரிந்தது. கறுப்புத் திரையில் தன் குரல். நன்றாகத்தான் இருக்கும். தியேட்டரில் டோரீன் வாயைப் பொத்திக்கொள்வாள், லவினா "மம்மி" என்று சத்தமாகவே சொல்வாள். கோபித்துக்கொள்ள மாட்டார்கள். இரண்டு பேரும் சிரிப்பார்கள், பிறகு அழுவார்கள், பிறகு அடுத்த சண்டையை ஆரம்பிப்பார்கள்.

மனதுக்குள் முதல் வாக்கியத்தைச் சொல்லிப் பார்த்தாள். ஒரு வளையல் கடையில் முக்காலி போட்டாங்க. உடனே ஒரு கேள்வி எழுந்தது. தேரைச் சொல்வதா, விடுவதா? சொன்னால் வீணா பொறுமையாக, சந்து குறுகலாச்சே ஆன்ட்டி என்பாள். விட்டால் அந்த மணி நேரத்தில் கடலை மட்டும்தான் மிஞ்சும். சொல்லத் தொடங்குவதற்குள்ளேயே அவள் அதை வெட்டவும் ஒட்டவும் ஆரம்பித்திருந்தாள். எந்தக் கடை மம்மி என்று டோரீன் கேட்பாள். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து மூவரும் போய்த் தேடுவார்கள். கடைக்காரர் முக்காலி கொண்டுவருவார். லவினா அதில் உட்கார்ந்து போட்டோ எடுத்துக்கொள்வாள். ஆசையோடுதான் செய்வார்கள். அடுத்த வருடம் அந்த வளையல் வெளிச்சம் அவர்களுக்கும் ஞாபகம் இருக்கும்.

பிள்ளைகளுக்கு அவள் எதைத்தான் கொடுக்கவில்லை? சோறு, நகை, வீட்டின் பாதி, டொமினிக்கின் கைக்கடிகாரம். கேட்பதற்கு முன்னாலேயே கொடுத்திருக்கிறாள். கொடுக்கப் பிடிக்கும். அதனால்தான் இந்த ஒன்றைக் கையில் வைத்திருப்பது இவ்வளவு இனிப்பாக இருக்கிறதோ என்னவோ. அதில் தேர் வந்ததோ வரவில்லையோ, அதை இதுவரை யாரும் சரிபார்க்கவில்லை.

வீணா போனில் எதையோ அழுத்தினாள். திரையில் ஒரு சிவப்புப் புள்ளி எரிந்தது. அவள் போன் கேமராவை மௌரீனின் கைகளுக்கு நேராக வைத்து, மூச்சை அடக்கிக்கொண்டாள். பிறகு மெதுவாக, "அந்த நேரம் நீங்க எங்க ஆன்ட்டி இருந்தீங்க?" என்று கேட்டாள்.

மௌரீன் சிரித்தாள். அந்தச் சிரிப்பு பெரிதாக வந்துவிடப் பார்த்தது, அடக்கிக்கொண்டாள். தலைப்பிலிருந்து மைக்கைக் கழற்றி, வயர் சிக்கிக்கொள்ளாமல் சுற்றி, வீணாவின் உள்ளங்கையில் வைத்து அவள் விரல்களை மூடினாள்.

"அதை மட்டும் சொல்ல மாட்டேன் கண்ணு," என்றாள்.